கண்ணுக்கு ஆகாது

உட்காருங்க தம்பி, நல்லா உட்காருங்க. பையை மடியிலேயே வெச்சுக்குங்க. மேல வெச்சீங்கன்னா வடலூர் வர்றதுக்குள்ள எவனாவது எடுத்துக்கிட்டு இறங்கிடுவான். நான் இப்பல்லாம் யாரையும் நம்புறதில்லை. ஒருத்தனை நம்பினதுக்குத்தான் திங்கட்கிழமை காலங்காத்தால விருத்தாசலத்துல பஸ் ஏறி, கலெக்டர் ஆபீஸுக்கு மனுவைத் தூக்கிக்கிட்டுப் போறேன்.

நீங்களும் கடலூரா? நல்லதாப் போச்சு.

அதோ பாருங்க, டிரைவருக்குப் பின்னால ரெண்டாவது சீட்டு, ஜன்னலோரம், கறுப்புக் கண்ணாடி போட்டுக்கிட்டு ஒரு அம்மா. என் வீட்டுக்காரம்மா. குஞ்சிதம்னு பேரு. காலையிலேயே எதுக்குக் கறுப்புக் கண்ணாடின்னு நினைக்கிறீங்க இல்ல? மூணு வாரமா அந்தக் கண்ணு ரெண்டையும் கட்டிப் போட்டிருந்தாங்க தம்பி. போன வியாழக்கிழமைதான் கட்டை அவுத்தாங்க. அவ கண்ணைக் கெடுத்தவன் பேரு கலியமூர்த்தி. கிள்ளைப் பக்கம் உப்பங்கழியில படகு ஓட்டுறான். அவன் இனிமே துடுப்பைக் கையால தொடக்கூடாது. அவன் லைசென்ஸைப் பிடுங்காம நான் ஓய மாட்டேன்.

மனு எழுதியாச்சு. எட்டு பாயிண்டு. நான் யாருன்னு நினைச்சீங்க? துணை வட்டாட்சியரா இருந்து ரிட்டையர் ஆனவன். முப்பத்திரண்டு வருஷம் ஊர்ப்பட்ட மனுவை வாங்கினவன். எந்த மனு நிக்கும், எது குப்பைக்கூடைக்குப் போகும்னு கையில வாங்கும்போதே சொல்லிடுவேன். என் மனுவுல ஒரே ஒரு குறைதான். பாதிக்கப்பட்ட ஆளு கையெழுத்து வேணும். கண்ணு கெட்டது அவளுக்கு. நான் கையெழுத்துப் போட்டா, "இவர் மூன்றாம் நபர்"னு எழுதி ஓரமா வெச்சிடுவான். நானே எத்தனை பேருக்கு அப்படி எழுதி வெச்சிருக்கேன்.

கட்டு போட்டிருக்கும்போதே வாங்கியிருக்கலாம். விரலைப் பிடிச்சு இந்த இடம்னு காட்டினாப் போதும். பாங்கு, பத்திரம், பட்டா மாத்தல், முப்பத்தேழு வருஷமா நான் காட்டுற இடத்துல போட்டவதான். இந்தத் தடவை என்னமோ, "கண்ணு சரியாகட்டும், படிச்சுப் பார்த்துட்டுப் போடுறேன்"னுட்டா. படிச்சுப் பார்க்குறாளாம்! இன்னிக்கு பஸ் ஸ்டாண்டுல, "கொடுங்க, வழியில படிக்கிறேன்"னு தானா கேட்டு வாங்கிக்கிட்டா. பேனாவையும் வாங்கிக்கிட்டா. அதோ, குனிஞ்ச தலை நிமிரலை பாருங்க. நெய்வேலிக்குள்ள முடிச்சிடுவா.

நடந்ததைச் சொல்றேன், நீங்களே நியாயம் சொல்லுங்க.

எல்லாம் என் பொண்ணு வினோதினி பண்ண வேலை. சென்னையில இருக்கா. எங்க கல்யாண நாளுக்கு ஒரு வேட்டி சேலை எடுத்து அனுப்பினாப் போதாதா? போன்ல எதையோ பார்த்துட்டு, படகுச் சவாரின்னு புக் பண்ணிட்டா. மொத்தமே எட்டுப் பேராம். கூட்டம் கிடையாதாம். மனுஷ வாடையே இல்லாத காட்டுக்குள்ள நாலு மணி நேரம் துடுப்புப் படகாம். மதியம் மணல்திட்டுல வெச்சு, அப்பப் பிடிச்ச மீனு, நண்டு, இறாலு சாப்பாடாம். அப்பப் பிடிச்சதாம்! அதுவும் எனக்கு!

நான் சிவதீட்சை வாங்கினவன் தம்பி. நெத்தியைப் பார்த்தாலே தெரியலையா? அஞ்சு வருஷம் முன்னால, ரிட்டையர் ஆன மறு மாசமே கவிச்சியை விட்டேன். நான் விட்டதும் அவளும் விட்டுட்டா. நான் ஒரு வார்த்தை சொல்லலை. வீட்டுல இருந்த மீன் சட்டியைக் கொண்டுபோய்க் கொல்லையில போட்டு உடைச்சேன், அவ்வளவுதான். தானா விட்டுட்டா. அவ பொறந்த ஊரு எது தெரியுமா? கடலூர் முதுநகரு. இந்தப் பஸ்ஸே அந்த வழியாத்தான் போகும். துறைமுகத்துக்கு ரெண்டு தெரு தள்ளி வீடு, இப்பவும் அவ தம்பி அங்கதான் இருக்கான். பால்பல்லு விழறதுக்கு முன்னாடியே நண்டு கடிச்சவ. அப்படிப்பட்டவ அஞ்சு வருஷமா ஒரு நெத்திலியைக்கூடத் தொடலைன்னா எவ்வளவு மனப்பக்குவம் வேணும்! ஒரு நாள் கேட்டதில்லை. தெருவுல மீன்காரி கூவிக்கிட்டுப் போனா மட்டும் வாசல்ல போய்க் கொஞ்ச நேரம் நிப்பா. சும்மா, காத்துக்கு.

பொண்ணுகிட்ட சண்டை போட்டேன். "அப்பா, உங்களுக்குத் தனியா சைவம் சொல்லிட்டேன், அம்மா கடல் பக்கம் போய் எவ்வளவு நாளாச்சு"ன்னு கண்ணைக் கசக்குறா. சரி, போய்த் தொலைப்போம்னு போனேன்.

எங்களோட கோயம்புத்தூர்க்காரங்க ஒரு குடும்பம், ஆறு பேரு. நாங்க ரெண்டு பேரு. ஆச்சா எட்டு? அந்தக் கலியமூர்த்தி எல்லாருக்கும் ஆரஞ்சுக் கலர்ல ஒரு சட்டையைக் கொண்டாந்து மாட்டுறான். மிதக்குற சட்டையாம். எனக்கு வேணாம்னேன். "போட்டாத்தான்யா படகை எடுப்பேன்"ங்கிறான். யாரைப் பார்த்து? ஒரு துணை வட்டாட்சியரைப் பார்த்து! மனுவுல அதுதான் முதல் பாயிண்டு.

படகு ஓட்டுறவன் துடுப்பைப் போட்டோமா, வாயை மூடினோமான்னு இருக்கணும்ல? இவன் அப்படியா? "கையை வெளியே நீட்டாதீங்க, எந்திரிக்காதீங்க, தலையைக் குனிங்க, அதைத் தொடாதீங்க." எனக்கு எங்க பழைய தாசில்தார் ஞாபகம் வந்துடுச்சு. அந்த ஆளையும் எனக்குப் பிடிக்காது.

காடு எப்படி இருந்துச்சுன்னா கேட்கிறீங்க? காடு மாதிரி இருந்துச்சு. தண்ணிக்குள்ள மரம், வேரெல்லாம் வெளியே வந்து கால் பரப்பிக்கிட்டு நிக்குது. கொக்கு நிக்குது. எங்க ஊரு ஏரியில இல்லாத கொக்கா? அவதான் தண்ணியில கையை விட்டு அளைஞ்சுக்கிட்டே வந்தா. ஒரு தடவை தனியா சிரிச்சா. எதுக்குன்னு தெரியலை.

ஒரு குறுகலான வாய்க்காலுக்குள்ள போனோம். ரெண்டு பக்கமும் மரம் தலைக்கு மேல கவிஞ்சிருக்கு. கோயம்புத்தூர்க்காரர் கேட்டாரு, "இது என்ன மரமுங்க?"ன்னு. அவன் சொன்னான், "தில்லைங்க."

எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துப் போச்சு தம்பி. தில்லை! இந்த மரம் காடா நின்னதாலதானே சிதம்பரத்துக்கே தில்லைன்னு பேரு! அம்பலத்துல ஆடுறவன் மரம். என் பேரு என்ன? சபாநாயகம். சபைக்கு நாயகன். அவ பேரு குஞ்சிதம், அவன் தூக்கின திருவடி. கல்யாண நாளும் அதுவுமா, அந்த மரம் எங்க ரெண்டு பேரு தலைக்கு மேல வந்து தொங்குதுன்னா என்ன அர்த்தம்? அவனே கூப்பிடுறான்னு அர்த்தம். எந்திரிச்சு ஒரு கொப்பைப் பிடிச்சேன்.

"ஐயா, உட்காருங்க. அது ஆகாது"ன்னான்.

ஆகாதாம். என் சர்வீஸ்ல எத்தனை ஆகாதைப் பார்த்திருப்பேன்! வாசல்ல முருங்கை ஆகாது, செவ்வாக்கிழமை நகம் வெட்ட ஆகாது, தெற்கே தலைவாசல் ஆகாது. எல்லாம் படிக்காதவன் பேச்சு. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க மாட்டான்னு சும்மாவா சொன்னாங்க? கோயில்லதான் குறுக்கே நிக்கிறான்னா, நடுத்தண்ணியில இவன் ஒருத்தன். நான் ஒடிச்சேன்.

"ஐயா, விட்டுடுங்க, கண்ணுக்கு ஆகாது, கண்ணுக்கு ஆகாது"ன்னு கத்துறான். தம்பி, நீங்க படிச்சவங்க மாதிரி இருக்கீங்க. கண்ணுக்கு ஆகாதுன்னா நீங்க என்ன நினைப்பீங்க? கண்ணு திருஷ்டி. புருஷன் பொண்டாட்டி ஜோடியா நிக்கிறோம், கல்யாண நாளு, யாரு கண்ணாவது பட்டுடும்ங்கிறான். அப்படித்தானே நினைப்பீங்க? நானும் அப்படித்தான் நினைச்சேன். "கண்ணு படுறதெல்லாம் அவன் பார்த்துப்பான்யா"ன்னு மேல கையைக் காட்டினேன்.

ஒடிச்ச இடத்துல பால் வடிஞ்சுது. வெள்ளை வெளேர்னு. அபிஷேகம் பார்த்த மாதிரியே இருந்துச்சு. எதுவா இருந்தாலும் முதல்ல அவளுக்குத்தான் கொடுப்பேன், அது என் குணம். "குஞ்சிதம், கண்ணை மூடு"ன்னேன். "வேணாங்க, அவரு என்னமோ சொல்றாரே"ன்னா. "மூடுடி"ன்னேன். மூடிக்கிட்டா. பாலோட அப்படியே ரெண்டு கண்ணுலயும் ஒத்தினேன்.

நம்ம வழக்கம் தம்பி. பூவைக் கொடுத்தாலும் கண்ணுல ஒத்திக்குவோம், தீபத்தைக் காட்டினாலும் ஒத்திக்குவோம். இதுல என்ன தப்பு?

அவ கண்ணைத் திறந்தா. அப்புறம் ஒரு கத்து கத்தினா பாருங்க, அந்தக் கொக்கெல்லாம் பறந்துடுச்சு. நான் பக்தி முத்திப் போச்சுன்னு நினைச்சேன். சரி, நாமும் ஒத்திக்குவோம்னு கொப்பை என் கண்ணுகிட்ட கொண்டுபோறேன், துடுப்பைப் போட்டுட்டுத் தாவி வந்து படார்னு என் கையில ஒரு தட்டு. கொப்பு தண்ணியில போயிடுச்சு. அத்தனை பேரு பார்க்க, என்னைக் கைநீட்டி அடிச்சிருக்கான்! பாயிண்டு நம்பர் மூணு: "மேற்படி நபர் அரசு ஓய்வூதியரைக் கையால் தாக்கினார்."

என்ன தம்பி, இருமலா? தண்ணி குடிங்க.

தண்ணின்னதும் ஞாபகம் வருது. படகுல இருபது லிட்டர் கேன்ல குடிதண்ணி வெச்சிருந்தான். எங்க எல்லாருக்கும் சேர்த்து வெச்ச தண்ணி. அவளை மல்லாக்கப் படுக்க வெச்சு, இமையைப் பிரிச்சுப் பிடிச்சு, கிளாஸ் கிளாஸா ஊத்துறான். என் பொண்டாட்டி இமையை இவன் தொடுறான், நான் பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருக்கேன். அரை மணி நேரம் ஊத்தினான். "கசக்காதீங்கம்மா, கசக்காதீங்கம்மா"ன்னு சொல்லிக்கிட்டே ஊத்துறான். கேன் காலி. மதியம் சாப்பாட்டுக்கு ஒரு சொட்டுத் தண்ணி இல்லை தம்பி. எனக்கு விக்கல் வேற. அது நாலாவது பாயிண்டு, குடிநீர் வழங்காமை.

உடனே கரைக்கு விடுடான்னேன். "கடல் உள்வாங்கி வெள்ளம் வத்திப் போச்சுங்கய்யா, வாய்க்கால்ல படகு தரை தட்டும். ஒரு மணி நேரத்துல தண்ணி ஏறிடும், இப்ப மணல்திட்டுக்குத்தான் போக முடியும்"ங்கிறான். கேட்டீங்களா கதையை? கடல்ல தண்ணி இல்லையாம்! எனக்குக் காது குத்துறான்.

மணல்திட்டுல ஒரு கீத்துக்கொட்டகை. அவன் பொண்டாட்டி தையல்நாயகின்னு ஒருத்தி, ரெண்டு அடுப்பை மூட்டி வெச்சு சமைச்சுக்கிட்டிருந்தா. அவ ஓடி வந்து, இன்னொரு குடம் தண்ணி எடுத்து மறுபடியும் கழுவி, ஈரத் துணியை மடிச்சுக் குஞ்சிதம் கண்ணுல கட்டினா. "அம்மா, அம்மா"ன்னு ஒரே உருகல். காரியக்காரி. எனக்கு வாழையிலையில சாம்பார் சாதமும் உருளைக்கிழங்கும் மடிச்சு வெச்சிருந்தா. இறால் வறுக்கிற அடுப்புக்கு அடுத்த அடுப்புல வெச்சுப் பண்ணியிருக்கா. அந்தப் புகை இதுல படாதா? அதையும் எழுதியிருக்கேன்.

நான் சாப்பிடவே இல்லை. எப்படி இறங்கும்? எனக்குத் தெரிஞ்ச இன்ஸ்பெக்டர் ஒருத்தர் சிதம்பரத்துல இருக்காரு, அவருக்குச் சொல்லி கரையிலேயே இவனை மடக்கணும்னு போனைத் தூக்கிக்கிட்டு மணல்திட்டோட கோடிக்கு நடந்தேன். சிக்னல் கிடைக்கலை. அந்த இன்ஸ்பெக்டரும் ரிட்டையர் ஆயிட்டாருன்னு அப்புறம்தான் ஞாபகம் வந்துச்சு. திரும்பி வந்து பார்க்கிறேன்...

எப்படிச் சொல்றது தம்பி. கண்ணு ரெண்டும் கட்டியிருக்கு, கொட்டகைத் தூண்ல சாஞ்சு உட்கார்ந்திருக்கா என் பொண்டாட்டி. எதிர்ல அந்தத் தையல்நாயகி குந்திக்கிட்டு, நண்டுக் காலைக் கடிச்சு உடைச்சு, சதையை உருவி, சோத்துல வெச்சு உருட்டி ஊட்டுறா. இவ மென்னு முழுங்குறா. பக்கத்துல மடவை மீனு முள்ளு ஒரு குவியல். முழு மீனு போயிருக்கு உள்ளே! கட்டின துணிக்குக் கீழே கண்ணீர் தாரை தாரையா வழியுது. வலி.

"இன்னும் கொஞ்சம்"னா குஞ்சிதம். பாவம், சாம்பார் சாதம்னு நினைச்சுட்டா.

நான் போட்ட சத்தத்துல கோயம்புத்தூர்க்காரங்க எந்திரிச்சுட்டாங்க. "சுகர் மாத்திரை போட்டிருக்காங்களாம்யா, வெறும் வயித்தோட விடக்கூடாதே"ங்கிறா தையல்நாயகி. அதுக்கு நண்டா? அஞ்சு வருஷ விரதம் தம்பி! கண்ணு தெரியாத நேரம் பார்த்து ஒரு நிமிஷத்துல காலி பண்ணிட்டாளே பாவி. இதுதான் ஆறாவது பாயிண்டு, மனுவுக்கே உயிர்நாடி. அவ சொல்ற மாதிரி எழுதியிருக்கேன்: "கண் தெரியாத நிலையில் இருந்த எனக்கு, நான் அறியாமல், என் விரதத்துக்கு மாறாக, நண்டும் மீனும் ஊட்டினார்கள்." எப்படி? படிக்கிறவன் எந்திரிச்சு உட்கார்ந்துடுவான்.

 குஞ்சிதம் கையை மூக்குகிட்ட வெச்சுக்கிட்டு உட்கார்ந்திருந்தா. அதிர்ச்சி.

தண்ணி ஏறினதும் கரைக்கு வந்தோம். தண்ணி ஏறுச்சு, சொன்ன மாதிரியே ஒரு மணி நேரத்துல ஏறுச்சு, அதைப் பத்தி இப்ப என்ன? அவனே ஆட்டோ பிடிச்சு சிதம்பரத்துல கண்ணாஸ்பத்திரிக்குக் கூட்டிக்கிட்டுப் போனான். சாயங்காலம் வரைக்கும் வெளியே பெஞ்சுல உட்கார்ந்திருந்தான். வேவு பார்க்கத்தான். டாக்டர் வெளியே வந்து, "உடனே கண்ணைக் கழுவிவிட்டது யாரு?"ன்னாரு. இந்த ஆளுதான்னு காட்டினேன், நல்லா மாட்டட்டும்னு. "அவருக்கு ஒரு கும்பிடு போடுங்க. கழுவலைன்னா பார்வையே போயிருக்கும்"னுட்டாரு. டாக்டருக்குச் சட்டம் தெரியுமா? அது மருத்துவ விஷயம், மனுவுக்குச் சம்பந்தமில்லை. விட்டுட்டேன்.

கும்பிடா? நானா? அவன்தான் என் முன்னால வந்து கையைக் கட்டிக்கிட்டு நின்னான். "நான் இன்னும் கெட்டியா தடுத்திருக்கணும்யா, தப்பு என்னோடதுதான்"னான். வாயைக் கொடுத்து மாட்டிக்கிட்டான் பாருங்க! ஏழாவது பாயிண்டு: "குற்றத்தை ஒப்புக்கொண்டார்."

நெய்வேலி வந்துடுச்சு. இன்னும் படிக்கிறா. என்னமோ எழுதுற மாதிரி இருக்கு இல்ல? கையெழுத்துப் போடுறா. நிதானமாப் போடட்டும்.

இந்த மூணு வாரம் நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். சோறு வடிச்சேன், ரசம் வெச்சேன். தினம் ரசம்தான், எனக்கு அதுதான் வரும். ஊட்டி விடவான்னு கேட்டா, "வேணாம், தட்டைக் கையில கொடுங்க"ங்கிறா. தினம் பதினோரு மணிக்கு அந்தத் தையல்நாயகி போன் பண்ணுவா. "கண்ணு எப்படிம்மா இருக்கு"ன்னு ஆரம்பிச்சு முக்கா மணி நேரம். இவ கண்ணைக் கட்டிக்கிட்டுச் சிரிக்கிறா! எதிர்க்கட்சியோட பேசினா நம்ம கேஸு என்னத்துக்கு ஆகும்னு தலை தலையா அடிச்சுக்கிட்டேன். மருந்து வேகத்துல புத்தி கொஞ்சம் தடுமாறுது அவளுக்கு. கட்டு அவுத்த அன்னிக்கு டாக்டர் என்னைக் காட்டி, "எதிர்ல இருக்கிறவரு தெரியுறாராம்மா?"ன்னு கேட்டாரு. ரொம்ப நேரம் என்னையே பார்த்தா. அப்புறம், "இப்ப நல்லாத் தெரியுது டாக்டர்"னா. அவ்வளவு நேரம் பார்த்துச் சொல்றதுக்கு நான் என்ன சுவத்துல மாட்டியிருக்கிற எழுத்தா?

சாட்சியா? இருக்கே! கோயம்புத்தூர்க்காரங்க போன்ல வீடியோ எடுத்திருக்காங்க. கெஞ்சிக் கேட்டு வாங்கிட்டேன். இதோ. வேணாம், சத்தம் வேணாம், சத்தத்தை வெச்சா அவன் குரல்தான் பெருசா வருது, ஆகாது ஆகாதுன்னு மூணு தடவை. காதுக்கு நாராசம். சத்தத்தை நிறுத்திட்டுப் பாருங்க. அடிக்கிறது எவ்வளவு தெளிவா இருக்கு!

என்ன, முகத்தைத் திருப்பிக்கிறீங்க? அவன் பொழைப்பு போயிடுமேங்கிறீங்களா? போகட்டும். எனக்கு அவன் மேல என்ன தனிப்பட்ட விரோதம்? ஒரு வார்த்தை, ஒரே வார்த்தை, "ஐயா, இதுல விஷப்பால் இருக்கு"ன்னு விளக்கமா எழுத்துப்பூர்வமா சொல்லியிருந்தா நான் தொட்டிருப்பேனா? ஆகாதுன்னா என்னய்யா? அவன் சொன்னான் இல்லங்கலை, எனக்குப் புரியுற மாதிரி சொல்லலை. அதனால "எவ்வித எச்சரிக்கையும் செய்யவில்லை"ன்னு எழுதினேன். ரெண்டும் ஒண்ணுதான். நீங்க சின்ன வயசு, உங்களுக்குப் புரியாது. ஒருத்தன் நம்மளைத் தொடாதேன்னு சொல்லிட்டு, கடைசியில அவன் சொன்னதே சரின்னு ஆயிட்டா, அதைவிடக் கேவலம் உண்டா?

தூங்கிட்டீங்களா தம்பி? இல்லையே? சரி, வடலூர்ல ஒரு டீ குடிச்சிருக்கலாம், பேச்சு மும்முரத்துல விட்டுட்டோம்.

யாரு? சபாநாயகம் நான்தான் கண்டக்டர் சார். முன்னாடி அந்த அம்மா கொடுத்தாங்களா? கொடுங்க, கொடுங்க. குறிஞ்சிப்பாடி தாண்டுறதுக்குள்ள முடிச்சுட்டா பாருங்க! நான் சொல்லலை? அவ என் பேச்சைத் தட்ட மாட்டா. ஆகா, கீழே முழுக் கையெழுத்து. இருங்க, என்ன இது, இனிஷியல் மாறியிருக்கே? "ச"ன்னுதானே போடணும், சபாநாயகத்துக்கு? "வை. குஞ்சிதம்"னு போட்டிருக்கா. வை-ங்கிறது அவ அப்பா, வைத்திலிங்கம். கல்யாணத்துக்கு முன்னால போட்ட கையெழுத்து. சரி, கவனப்பிசகு.

இதென்ன அடிச்சிருக்கா? "எவ்வித எச்சரிக்கையும் செய்யவில்லை." அதை அடிச்சுட்டு மேல எழுதியிருக்கா. "மூன்று முறை சொன்னார். நானும் வேண்டாம் என்று சொன்னேன்." அடுத்தது, தாக்கினார்ங்கிறதை அடிச்சுட்டு, "தட்டிவிட்டதால் இவர் கண் பிழைத்தது." குடிநீர் பாயிண்டு... "அந்தத் தண்ணீரால்தான் இன்று இதைப் படிக்கிறேன்."

என்ன கையெழுத்து பாருங்க, அச்சு மாதிரி. இவ்வளவு எழுத வருமா இவளுக்கு?

ஆறாவது பாயிண்டு. ஐயோ. "நான் அறியாமல்"ங்கிறதை ரெண்டு கோடு போட்டு அடிச்சிருக்கா. பக்கத்துல... வேணாம், நீங்க படிக்காதீங்க. சரி, படிங்க. எனக்குத்தான் சரியாத் தெரியலை, பஸ்ஸு ஆடுது. என்ன எழுதியிருக்கா?

"கண்தான் தெரியவில்லை. மூக்கு தெரிந்தது. கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன். அழுதது வலியால் இல்லை."

நீங்க சரியாப் படிச்சீங்களா? இன்னொரு தடவை படிங்க. வேணாம், கொடுங்க இங்க.

யாரோ சொல்லிக்கொடுத்திருக்காங்க. அந்தத் தையல்நாயகி, பதினோரு மணி போன். மனுவையே நாசம் பண்ணிட்டாளே! இதை எப்படிக் கொடுக்கிறது? படிச்சா என் மேலல்ல வரும்! மறுபடியும் எழுதணும். பரவாயில்லை, கலெக்டர் ஆபீஸ் வாசல்ல எழுதிக்கொடுக்கிறவங்க இருப்பாங்க. இவளை உட்கார வெச்சு, விரலைப் பிடிச்சு...

இது எந்த ஸ்டாப்பு தம்பி? முதுநகரா?

அவ ஏன் எந்திரிக்கிறா? குஞ்சிதம்! ஏய், குஞ்சிதம்! இன்னும் வரலைடி, கலெக்டர் ஆபீஸு இன்னும் தூரம் இருக்கு! கண்டக்டர், நிறுத்துங்க, என் வீட்டுக்காரம்மா... வழியை விடுங்கய்யா கொஞ்சம். விசில் அடிச்சுட்டான். எடுத்துட்டான், நெரிசல்ல ஊர்ந்து போகுது.

அதோ. ரோட்டைத் தாண்டிட்டா, யாரு கையையும் பிடிக்காம. கறுப்புக் கண்ணாடியைக் கழட்டிப் பையில போடுறா. திரும்பிப் பார்ப்பா, இருங்க. இப்பத் திரும்புவா. மீன்காரி கூடைக்கு முன்னால உட்கார்ந்துட்டா தம்பி. ஒரு மீனை எடுக்குறா, செவுளைத் தூக்கி வெயில்ல காட்டிப் பார்க்குறா, வேணாம்னு வெச்சுட்டு வேற எடுக்குறா.

பார்த்தீங்களா தம்பி, நான் சொன்னேன்ல? கண்ணு இன்னும் சரியாகலை அவளுக்கு. ஊரு தெரியாம இறங்கிட்டா.